வாசகர் கேள்வி, எங்கள் பதில்: நடிகர் உல்ரிச் மூயே

சென்ற இதழில் ‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’ என்ற ஜெர்மன் படத்தைப் பற்றி நான்கு வரி எழுதியிருந்தோம். அதில் உளவு அதிகாரியாக வரும் உல்ரிச் மூயே யார், வேறு என்ன செய்திருக்கிறார், அவரிடமிருந்து நம் நடிகர்கள் என்ன எடுத்துக்கொள்ளலாம் என்று கேட்டு கோலாலம்பூரிலிருந்தும் பினாங்கிலிருந்தும் பலர் எழுதிவிட்டீர்கள். இந்த முறை முழுப் பகுதியும் அவருக்கே. பதில்களில் கதை ஆங்காங்கே வெளிப்படும். படம் பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வந்து படித்தால் நல்லது.

கே: இவ்வளவு பெரிய நடிகர் ஐம்பது வயதுக்கு மேல்தான் வெளியே தெரிந்தாரா? அதுவரை எங்கே இருந்தார்?
(வாசகி, செந்தூல்)

ஜெர்மன் மொழி பேசும் உலகத்துக்கு அவர் எப்போதோ தெரிந்தவர். மற்றவர்களுக்குத்தான் 2006இல் தெரிந்தார்.

1953 ஜூன் 20 அன்று கிழக்கு ஜெர்மனியில், சாக்சனி வட்டாரத்தின் கிரிம்மா என்ற சிற்றூரில் பிறந்தார். அப்பா தோல் ஆடை தைக்கும் தொழிலாளி. மகன் முதலில் கற்றது கட்டட வேலை. பிறகு கட்டாய இராணுவச் சேவையில் பெர்லின் சுவரில் எல்லைக் காவலுக்கு நிறுத்தினார்கள். அந்தக் காவல் அவர் வயிற்றைப் புண்ணாக்கியது. சேவை முடியுமுன்பே அனுப்பிவிட்டார்கள். 1975இல் லைப்சிக் நகரின் ஹான்ஸ் ஓட்டோ நாடகப் பள்ளியில் சேர்ந்து நான்கு ஆண்டு படித்தார். 1979இல் கார்ல்-மார்க்ஸ்-ஸ்டாட் நகர நாடக அரங்கில் வேலை கிடைத்தது. இன்று அந்த நகரத்தின் பெயர் கெம்னிட்ஸ்.

அங்கிருந்து அவரைப் பெர்லினுக்கு இழுத்தவர் நாடகாசிரியர் ஹைனர் முல்லர். 1982இல் ஃபோல்க்ஸ்பூனே அரங்கில் ‘மேக்பெத்’ நாடகத்தில் நடித்தார். மறு ஆண்டு டாய்ச்செஸ் தியேட்டரில் நிலையான இடம் கிடைத்தது. கிழக்கு ஜெர்மனியில் ஒரு மேடை நடிகருக்கு அதைவிடப் பெரிய இடம் இல்லை. 1985இல் ‘ஹெல்ஃப்டே டெஸ் லேபன்ஸ்’ படத்தில் கவிஞர் ஹோல்டர்லினாக நடித்தார். 1989இல் பெர்ன்ஹார்ட் விக்கியின் ‘டாஸ் ஷ்பின்னன்நெட்ஸ்’ படத்தில் பதவி வெறி பிடித்த லெஃப்டினன்ட். 1992இல் ‘ஷ்டொங்க்!’ என்ற நையாண்டிப் படம், அதே ஆண்டு மைக்கேல் ஹனேக்கவின் ‘பென்னிஸ் வீடியோ’. 1997இல் ஹனேக்கவோடு மறுபடியும் ‘ஃபன்னி கேம்ஸ்’. 2002இல் கோஸ்டா-காவ்ராஸின் ‘ஆமென்’. ‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’ திரைக்கு வந்தபோது அவருக்கு வயது 52, மேடை ஏறி 27 ஆண்டு. திடீர்ப் புகழ் என்று இதைச் சொல்ல முடியாது.

கே: ஹேம்லெட்டாக எட்டு மணி நேரம் நடித்தார் என்று படித்தேன். உண்மையா?
(வாசகர், ஜெலுத்தோங்)

உண்மைதான். ‘ஹேம்லெட்/மெஷின்’ என்ற தயாரிப்பு அது. ஷேக்ஸ்பியரின் நாடகத்தையும், அதையொட்டி ஹைனர் முல்லர் எழுதிய சிறு நாடகத்தையும் சேர்த்து முல்லரே இயக்கினார். இடைவேளைகளையும் சேர்த்தால் எட்டு மணி நேரத்தை ஒட்டி ஓடியது. 1990 மார்ச்சில் அரங்கேறியது.

எங்களைப் பொறுத்தவரை நேரத்தைவிட முக்கியம் அந்த ஒத்திகைக் காலம். 1989 இலையுதிர் காலத்தில் ஒத்திகை நடந்துகொண்டிருக்கும்போதே வெளியே நாடு சரிந்துகொண்டிருந்தது. நவம்பர் 4ஆம் தேதி அலெக்சாண்டர்பிளாட்ஸ் சதுக்கத்தில் பெர்லின் நாடகக் கலைஞர்கள் முன்னின்று கூட்டிய பேரணியில், பேச்சுரிமை, ஒன்றுகூடும் உரிமை பற்றிய அரசியல் சட்டப் பிரிவுகள் வாசிக்கப்பட்டன. வாசித்தவர்களில் மூயே ஒருவர். ஐந்தே நாளில் சுவர் திறந்தது. ஒத்திகை தொடங்கியபோது இருந்த நாடு வேறு, திரை விலகியபோது இருந்த நாடு வேறு. ‘டென்மார்க்கில் ஏதோ அழுகிக் கிடக்கிறது’ என்ற ஹேம்லெட் வரியைக் கேட்க வந்து உட்கார்ந்தவர்கள், அப்படி அழுகிக் கிடந்த ஒரு நாட்டிலேயே வாழ்ந்தவர்கள்.

கே: ‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’ படத்தில் அவர் முகத்தில் எதுவுமே அசையவில்லை, ஆனால் எல்லாம் தெரிகிறது. நான் உள்ளூர் நாடகங்களில் துணைப் பாத்திரங்கள் செய்கிறேன். அதேபோல் அடக்கி நடித்தால் இயக்குநர் “முகத்துல ஒண்ணுமே வரலையே” என்கிறார். எங்கே தவறுகிறேன்?
(வாசகர், பிரிக்பீல்ட்ஸ்)

இந்தக் கேள்விக்காகவே இந்த இதழை அவருக்கு ஒதுக்கினோம் என்று சொல்லலாம். கொஞ்சம் நீளமாகவே பார்ப்போம்.

முதலில் ஒரு காட்சி. மூயேயின் பாத்திரம் ஸ்டாசி என்ற கிழக்கு ஜெர்மனி உளவுத்துறையின் கேப்டன் வீஸ்லர். குடியிருப்பின் மின்தூக்கியில் ஒரு சிறுவன் பந்தோடு ஏறுகிறான். “நீங்க நிஜமாவே ஸ்டாசியா?” என்று கேட்கிறான். ஸ்டாசி என்றால் என்னவென்று தெரியுமா என்று வீஸ்லர் திருப்பிக் கேட்க, “ஆளுங்களப் பிடிச்சு ஜெயில்ல போடுற கெட்டவங்கன்னு அப்பா சொன்னார்” என்கிறான் பையன். வீஸ்லரின் வாய் தானாகத் திறக்கிறது: “பேர் என்ன, உன்னோட...” அப்பாவின் பெயரைக் கேட்கத்தான் வாய் திறந்தது. அது அவருடைய பல வருடத் தொழில் பழக்கம். நடுவில் நின்றுவிடுகிறது. “என்னோட எது?” என்கிறான் பையன். “பந்து” என்று முடிக்கிறார்.

அந்த இடைவெளியில் மூயே புருவத்தைத் தூக்கவில்லை, பெருமூச்சு விடவில்லை. ஆனால் ஒரு மனிதன் தன் வேலையிலிருந்து முதன்முதலாக ஓர் அடி விலகியதை நாம் பார்த்துவிடுகிறோம். எப்படி? அவர் முகத்தை அடக்கவில்லை. உள்ளே ஒரு வாக்கியத்தை உண்மையாகவே தொடங்கி, உண்மையாகவே நிறுத்துகிறார். நீங்கள் தவறுவது இங்கேதான் என்று நினைக்கிறோம். ‘அசையக்கூடாது’ என்று மனத்தில் வைத்துக்கொண்டால் கேமராவில் பதிவாவதும் அதுவேதான்: அசையாமல் இருக்கப் பாடுபடும் ஒருவர். வெறும் முகம் வேறு, அசையாத முகம் வேறு.

பயிற்சிக்கு வீஸ்லரின் வேலையையே எடுத்துக்கொள்ளுங்கள். படத்தில் பாதி நேரம் அவர் செய்வது, ஹெட்போன் போட்டுக்கொண்டு அடுத்தவர் வீட்டுப் பேச்சைக் கேட்பது. கைப்பேசியை முக்காலியில் உங்கள் கண் மட்டத்துக்கு நிறுத்துங்கள். ஒன்றரை மீட்டர் தள்ளி உட்காருங்கள். அகல லென்ஸ் வேண்டாம், இரண்டு மடங்கு உருப்பெருக்கத்தில் வையுங்கள். அகல லென்ஸ் மூக்கைப் பெரிதாக்கி, சின்ன அசைவையும் மிகைப்படுத்திவிடும். பக்கவாட்டு ஜன்னல் வெளிச்சம் போதும், இரண்டு கண்ணிலும் வெளிச்சப் புள்ளி விழுகிறதா என்று மட்டும் பாருங்கள். காதில் ஹெட்போன் மாட்டி, இதுவரை கேட்டிராத ஓர் உரையாடலை மூன்று நிமிடம் கேளுங்கள். வானொலி நேர்காணல், நண்பர் அனுப்பிய நீண்ட குரல் பதிவு, எதுவானாலும் சரி. கேட்பதோடு சரி, நடிக்க வேண்டாம்.

பிறகு ஒலியை அணைத்துவிட்டு, பதிவைத் தனியே பாருங்கள். பெரும்பாலும் மூன்று குறைகளில் ஒன்று தெரியும்.

மூச்சு நின்றிருக்கும். தோள் அரை அங்குலம் மேலேறி, கழுத்து நரம்பு புடைத்திருக்கும். உணர்ச்சி வரும் இடத்தில் பலர் மூச்சைப் பிடித்துக்கொள்கிறார்கள், முகம் கல்லாவது அதனால்தான். முழுதாக மூச்சை வெளியே விட்டுவிட்டுப் பதிவைத் தொடங்குங்கள். அடுத்த மூச்சு தன்னால் வரும்.

இரண்டாவது, தாடை இறுகியிருக்கும். நெற்றிப்பொட்டுக்குக் கீழே ஒரு தசை துடிப்பது தெரியும். அதைக் கோபம் என்றுதான் பார்ப்பவர் படிப்பார், நீங்கள் சோகத்தை நினைத்திருந்தாலும். நாக்கு நுனியைக் கீழ்வரிசைப் பல்லுக்குப் பின்னால் தளர வைத்தால் தாடை இறங்கிவிடும். உதடு மூடியபடியே இருக்கலாம்.

மூன்றாவது, கண் அலையும். கேட்கும்போது எங்கே பார்ப்பது என்று முடிவு செய்யாததால் வருவது. லென்ஸுக்கு ஒரு கையளவு பக்கத்தில், சுவரில் ஒரு சின்னக் கறையைத் தேர்ந்தெடுங்கள். அங்கிருந்து கண் விலகுவது கேட்ட சொல்லால் மட்டுமே நடக்கட்டும்.

அதே ஒலிப்பதிவை இரண்டாம் முறை பயன்படுத்தாதீர்கள். அடுத்து என்ன வருமென்று தெரிந்துவிட்டால் முகம் அரை நொடி முன்னாலேயே பதில் சொல்லிவிடும். சீரியல்களில் நாம் பார்க்கும் ‘அதிர்ச்சி’ பலவும் போலியாகத் தெரிவது இந்த அரை நொடியால்தான்.

இப்போது உங்கள் இயக்குநரின் பக்கம். அவர் சொல்வதும் தவறாக இருக்காது. அசையாத முகம் குளோசப்பில் மட்டுமே பேசும். இடுப்பளவு ஷாட்டிலோ முழு உருவ ஷாட்டிலோ அது எட்டாது. அங்கே உடம்பு பேச வேண்டும். வீஸ்லரைப் பாருங்கள், முழு உருவத்தில் வரும்போதெல்லாம் கழுத்துவரை இழுத்து மூடிய சாம்பல் நிற ஜாக்கெட், நேராக நிமிர்ந்த முதுகு, அளந்து வைத்த நடை. வசனமே இல்லாமல் ஆள் யாரென்று சொல்லிவிடுகிறார். ஆகவே ஒவ்வொரு டேக்குக்கு முன்பும் ஒளிப்பதிவாளரிடம் மெதுவாக, “ஃபிரேம் எதுவரைக்கும்ணே?” என்று கேட்டுக்கொள்ளுங்கள். யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். வசனம் முடிந்ததும் இரண்டு நொடி கட் சொல்லாமல் விடும்படி இயக்குநரிடம் முன்கூட்டியே கேட்டு வையுங்கள். அந்த இரண்டு நொடி இல்லாமல் எடிட்டரால் எதுவும் செய்ய முடியாது. பின்னணி இசை அதை மூடிவிட்டால் அது உங்கள் குறை அல்ல.

கே: இந்தப் பாத்திரத்துக்கு எப்படித் தயாரானார்? அவரையே ஸ்டாசி உளவு பார்த்ததாமே?
(வாசகி, பாயான் லெப்பாஸ்)

ஆமாம், அவரும் கண்காணிக்கப்பட்டவர்தான். சுவர் விழுந்த பிறகு தன்னைப் பற்றிய கோப்பை வாங்கிப் படித்தார். எப்படித் தயாரானீர்கள் என்று கேட்டவர்களிடம், நினைத்துப் பார்த்தேன் என்ற அளவிலேயே பதில் சொல்லியிருக்கிறார்.

அந்த நினைவு எங்கே வேலை செய்கிறது என்று தேடினால், தொடக்க வகுப்பறைக் காட்சியில் கிடைக்கும். உளவுத்துறைக் கல்லூரியில் வீஸ்லர் பாடம் எடுக்கிறார். விசாரணைக் கைதி கைகளைத் தொடைக்கு அடியில் வைத்து உட்கார வேண்டும், பின்னர் நாற்காலித் துணியை எடுத்து ஜாடியில் வைத்து மோப்ப நாய்க்காகப் பாதுகாக்க வேண்டும் என்று விளக்குகிறார். இது மனிதத்தன்மை இல்லையே என்று ஒரு மாணவன் கேட்கிறான். வீஸ்லர் பதில் சொல்லிக்கொண்டே இருக்கை வரைபடத்தில் அவன் பெயருக்கு நேராகச் சிறிய பெருக்கல் குறி ஒன்றைப் போடுகிறார். குரல் ஏறுவதில்லை. கொடுமைக்காரனாக நடிக்க வேண்டிய அவசியமே அவருக்கு வரவில்லை. ஒழுங்காக வேலை செய்யும் ஆசிரியராக நடித்தார், அவ்வளவுதான். வில்லன் வேடம் கிடைப்பவர்கள் இந்தக் காட்சியை நாலு முறையாவது பார்க்க வேண்டும்.

கே: அவருக்கு ஆஸ்கர் கிடைத்ததா?
(வாசகர், கிள்ளான்)

படத்துக்குக் கிடைத்தது, சிறந்த வெளிநாட்டு மொழிப் படம் என்று, 2007 பிப்ரவரியில். அவருக்கு அதற்கு முன்பே, 2006இல் ஜெர்மன் திரைப்பட விருதும் ஐரோப்பியத் திரைப்பட விருதும் சிறந்த நடிகருக்காகக் கிடைத்துவிட்டன. ஆஸ்கர் முடிந்து ஊர் திரும்பிய கையோடு வயிற்றில் அறுவை சிகிச்சை. 2007 ஜூலை 22 அன்று இரைப்பைப் புற்றுநோயால் இறந்தார். வயது 54.

கே: சீரியலிலும் நடித்திருக்கிறாராமே? நம் பக்கம் சினிமாவுக்குப் போனவர்கள் சீரியலுக்கு வந்தால் ‘மார்க்கெட் போச்சு’ என்பார்கள். அங்கே அப்படி இல்லையா?
(வாசகர், புக்கிட் மெர்தாஜாம்)

‘டேர் லெட்ஸ்டே ட்ஸொய்கே’, அதாவது ‘கடைசி சாட்சி’. இசட்.டி.எஃப் தொலைக்காட்சியில் 1998 முதல் 2007 வரை 73 பகுதிகள். பெர்லினில் பிரேதப் பரிசோதனை செய்யும் மருத்துவர் ராபர்ட் கோல்மார் வேடம். இறந்த உடலே வழக்கின் கடைசி சாட்சி என்பதுதான் தலைப்பின் பொருள். ‘ஆமென்’ செய்தபோதும் ‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’ செய்தபோதும் இந்தத் தொடர் ஓடிக்கொண்டுதான் இருந்தது. பல ஜெர்மானியக் குடும்பங்களுக்கு அவர் முதலில் டாக்டர் கோல்மார், பிறகுதான் வீஸ்லர்.

அங்கே இது இறக்கமாகப் பார்க்கப்படாததற்குக் காரணம் பணம் வரும் வழி. ஜெர்மனியில் ஒவ்வொரு வீடும் பொது ஒளிபரப்புக்கு மாதக் கட்டணம் கட்டுகிறது, இப்போது 18 யூரோவுக்குச் சற்று மேல். அந்தப் பணத்தில் ஏ.ஆர்.டி, இசட்.டி.எஃப் நிலையங்கள் தொடர்கள் எடுக்கின்றன, சினிமாவுக்கும் பங்கு போடுகின்றன. ‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’ படத்திலேயே பவேரிய ஒளிபரப்பு நிலையமும் ஆர்டே தொலைக்காட்சியும் கூட்டுத் தயாரிப்பாளர்கள். ஞாயிறு இரவு 8.15க்கு வரும் ‘டாட்ஓர்ட்’ துப்பறியும் வரிசை 1970 நவம்பரிலிருந்து ஓடுகிறது. ஒவ்வொன்றும் சுமார் 90 நிமிடம், தனிக் கதை, தனிப்படம்போலவே எடுக்கிறார்கள். பெரிய மேடை நடிகர்கள் அதில் துப்பறிவாளராக வருவதை ஒரு கௌரவமாகவே நினைக்கிறார்கள்.

நடிகரின் ஆண்டுக் கணக்கும் வேறு மாதிரி. நகர நாடக அரங்கில் மாதச் சம்பளம். ஒப்பந்தம் ஆண்டுக்கு ஆண்டு தானே நீளும். அடுத்த பருவத்துக்கு வேண்டாம் என்றால் அரங்கு அக்டோபர் இறுதிக்குள் சொல்லியாக வேண்டும். படப்பிடிப்புக்கு நாள் கணக்கில் கூலி, அதற்கு அரங்கிடம் விடுப்பு கேட்க வேண்டும். சிக்கல் வருவதும் இந்த விடுப்பில்தான். மாலையில் மேடை, காலையில் ஷூட்டிங் என்று ஓடி இரண்டிலும் கெட்டவர்கள் உண்டு. அதனால் பலர் ஒரு கட்டத்தில் நிரந்தர இடத்தை விட்டுவிட்டு, ஒவ்வொரு நாடகத்துக்கும் தனி ஒப்பந்தம் என்று வெளியே வருகிறார்கள்.

வானவில், ஆர்டிஎம் தொலைக்காட்சிகளில் நாடகம் செய்யும் நம்மவர்களுக்குச் சொல்ல விரும்புவது: 73 பகுதி ஒரே வேடத்தில் நின்றது மூயேயின் நடிப்பைத் தேய்க்கவில்லை. மேசை மேல் ஓர் உடல், கையில் ஒரு கருவி, சொல்ல ஒரு முடிவு என்று வாராவாரம் ஏறக்குறைய ஒரே நிலைமை. அதைப் புதிதாகப் பார்க்கும் பழக்கம் வீஸ்லர் ஒட்டுக்கேட்கும் மாடி அறையில் கைகொடுத்திருக்கும் என்றே நாங்கள் நம்புகிறோம்.

கே: மகள் எஸ்பிஎம் (பள்ளியிறுதித் தேர்வு) முடித்துவிட்டாள். ஜெர்மனியில் நடிப்புப் படிக்க வேண்டும் என்று ஒற்றைக்காலில் நிற்கிறாள். நடக்கிற காரியமா?
(வாசகி, பெட்டாலிங் ஜெயா)

நடக்கும், ஆனால் உடனே அல்ல. மூயே படித்த பள்ளி இன்று லைப்சிக் இசை நாடகப் பல்கலைக்குள் இருக்கிறது. நான்காண்டுப் படிப்பில் முதல் இரண்டாண்டு பள்ளியில், அடுத்த இரண்டாண்டு உண்மையான நாடக அரங்குகளில். பெர்லினின் எர்ன்ஸ்ட் புஷ் பள்ளியிலும் நான்காண்டு. எங்கு போனாலும் வகுப்பில் பத்து, இருபது இடம்தான். போட்டியோ கடுமை.

மொழிதான் முதல் தடை. தேர்வும் பாடமும் ஜெர்மனில்தான் நடக்கும். மொழித் தேர்ச்சியில் நடுநிலைக்கு மேலான பி2 நிலைக்கு 600 முதல் 800 பாட நேரம் ஆகும் என்பது கோதே நிறுவனத்தின் கணக்கு. முழு நேரமாகப் படித்தாலும் ஓராண்டு போய்விடும். கோலாலம்பூரில் கோதே நிறுவனம் இருக்கிறது, பினாங்குக்காரர்களுக்கு மலேசிய ஜெர்மன் கழகம் இருக்கிறது. அடுத்தது நடிப்புத் தேர்வு. பள்ளிக்குப் பள்ளி எண்ணிக்கை மாறினாலும், மூன்று நான்கு பாத்திரங்களைத் தனிநடிப்பாகத் தயார் செய்யச் சொல்வார்கள். ஒன்று பழைய நாடகத்திலிருந்து, ஒன்று இக்கால நாடகத்திலிருந்து, கூடவே ஒரு பாட்டு. வெளிநாட்டு மாணவர்கள் பெரும்பாலும் தோற்பது, அர்த்தம் புரியாமல் ஒலியை மட்டும் மனப்பாடம் செய்து ஒப்பிப்பதால். தேர்வாளர் நடுவில் நிறுத்தி, “இதையே கோபமில்லாமல் சொல்” என்பார். சொல்லின் பொருள் தெரியாதவரால் அந்த இடத்தில் மாற்ற முடியாது.

எஸ்பிஎம் மட்டும் போதும் என்று நம்பி விமானச்சீட்டு எடுத்துவிடாதீர்கள். கல்வித் தகுதி விதி பள்ளிக்குப் பள்ளி வேறு, சேர்க்கை அலுவலகத்துக்கே எழுதிக் கேட்டுப் பதிலைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். விசாவுக்கு முடக்கக் கணக்கில் (மாதாமாதம் ஒரு பங்கு மட்டும் எடுக்கக்கூடிய வங்கிக் கணக்கில்) ஓராண்டுச் செலவைக் காட்ட வேண்டும். 2024 செப்டம்பர் முதல் அது 11,904 யூரோ. அரசுப் பள்ளிகளில் பெரும்பாலும் கட்டணம் இல்லை என்பது பொதுவாகச் சரி, ஆனால் பாடன்-வுர்ட்டம்பெர்க் மாநிலத்தில் ஐரோப்பிய ஒன்றியத்துக்கு வெளியிலிருந்து வருவோர் பருவத்துக்கு 1,500 யூரோ கட்ட வேண்டும்.

மொழி படிக்கும் அந்த ஓராண்டு மேடையில்லாமல் போகக்கூடாது. செந்தூலில் கேஎல்பேக் அரங்கம், பினாங்கில் ஸ்ட்ரெய்ட்ஸ் கீயில் பினாங்குபேக். மேடைக்குப் பின்னால் சாமான் தூக்கும் வேலையானாலும் சேரச் சொல்லுங்கள். அஸ்வாரா என்ற தேசியக் கலைக் கழகத்தையும் யுஎஸ்எம் பல்கலையின் கலைப் பள்ளியையும் ஒதுக்கிவிட வேண்டாம். இங்கே ஒரு பட்டயம் முடித்துவிட்டுப் போகிறவருக்குத் தேர்வு அறையில் கால் நடுங்காது.

கே: எந்த வரிசையில் பார்க்கலாம்? வீட்டில் பிள்ளைகளும் இருக்கிறார்கள்.
(வாசகி, ஜார்ஜ்டவுன்)

‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’ முதலில், 137 நிமிடம். ஜெர்மன் ஒலியோடு துணைத்தலைப்பு வைத்தே பாருங்கள், ஆங்கில டப்பிங் வேண்டாம். அவர் நடிப்பில் பாதி அந்தத் தணிந்த குரலில் இருக்கிறது. பாலியல் காட்சியும் தற்கொலையும் உண்டு, சிறு பிள்ளைகளுக்கு ஆகாது. அடுத்து ‘ஷ்டொங்க்!’, அவரை வேறு தாளத்தில் பார்க்கலாம்.

‘ஃபன்னி கேம்ஸ்’ கடைசியில், பிள்ளைகள் தூங்கிய பிறகும் யோசித்தே. ஒரு குடும்பத்தை இரண்டு இளைஞர்கள் பிடித்துவைத்து வதைக்கும் படம். மனைவியாக நடித்திருப்பது நிஜ மனைவி சூசன்னே லோதார். நடிப்புப் பயில்பவர்கள் மட்டும் இன்னொரு வேலை செய்யலாம். ஹனேக்கவே இதை 2007இல் ஆங்கிலத்தில் கிட்டத்தட்ட ஷாட்டுக்கு ஷாட் அப்படியே திரும்ப எடுத்தார், மூயேயின் இடத்தில் டிம் ராத். ஆரம்பத்திலேயே தந்தையின் காலை கோல்ஃப் மட்டையால் உடைத்துவிடுகிறார்கள். அதன்பின் இரு நடிகர்களுக்கும் எழுந்து நடக்க வழியில்லை, மேல் உடம்பும் முகமும் மட்டும்தான் மிச்சம். அந்த இடத்திலிருந்து பத்து நிமிடத்தை இரண்டு படத்திலும் ஒலியில்லாமல் அடுத்தடுத்து ஓட்டி, யார் எப்போது மூச்சு விடுகிறார் என்று தாளில் குறித்துக்கொள்ளுங்கள்.